கட்டியங்காரன் உடைக்காத சுவர்

ஆவிக்கு வழி விடுங்கள்

1748இல் பாரிஸில் வோல்தேரின் ‘செமிராமிஸ்’ நாடகம் அரங்கேறியபோது ஓர் ஆவிக்கு நடக்க இடமில்லாமல் போயிற்று. இறந்த அரசன் நினுஸ் கல்லறையிலிருந்து எழுந்து வர வேண்டிய கட்டம் அது. மேடையிலோ பிரபுக்கள் நெருக்கியடித்து உட்கார்ந்திருந்தார்கள். கூடுதல் காசு கொடுத்தவர்கள் மேடையின் மேலேயே அமர்ந்து பார்ப்பது அக்காலப் பிரெஞ்சு அரங்குகளின் வழக்கம். ஆவிக்குக் கொஞ்சம் வழி விடுங்கள் என்று காவலர் குரல் கொடுக்க வேண்டியிருந்ததாக நாடக வரலாறுகள் சொல்கின்றன. கதை நடப்பது பண்டைய பாபிலோனில். அதன் நடுவே பட்டுச் சட்டையும் பொய்முடியுமாகப் பதினெட்டாம் நூற்றாண்டு உட்கார்ந்திருந்தது.

பத்தாண்டு கழித்து, 1758இல், தெனி திதெரோ நாடகக்கலை பற்றிய நீண்ட கட்டுரையொன்றை வெளியிட்டார். மேடையின் விளிம்பில் பார்வையாளரைப் பிரிக்கும் பெரிய சுவர் ஒன்று இருப்பதாக எண்ணிக்கொண்டு, திரையே தூக்கப்படாததுபோல் நடிக்க வேண்டும் என்று அதில் நடிகர்களுக்குச் சொன்னார். அடுத்த ஆண்டே, லொராகே என்ற பிரபு செலவை ஏற்றுக்கொள்ள, கொமேதி பிரான்சேஸ் அரங்கின் மேடையிலிருந்து பார்வையாளர் இருக்கைகள் அகற்றப்பட்டன. நான்காம் சுவர் என்று இன்று நாடக வகுப்புகளில் கற்பிக்கப்படும் கருத்தின் பிறப்பு இப்படித்தான். ஒரு மேடையில் இரண்டு காலங்கள் முட்டிக்கொண்டு நின்ற இடநெருக்கடி அதற்குப் பின்னால் இருக்கிறது. அதைப் பொதுவான கலைத் தத்துவமாக மட்டும் படிப்பவர்கள் இந்த நெருக்கடியைத் தவறவிட்டுவிடுகிறார்கள்.

தமிழ் நாடக விமர்சனத்தில் இச்சுவர் பெரும்பாலும் ஒரு பாராட்டின் பகுதியாக வருகிறது. தெருக்கூத்தின் கட்டியங்காரன் பார்வையாளரோடு நேராகப் பேசுகிறான், கதைக்கு வெளியே வந்து கேலி செய்கிறான், ஆகவே ஜெர்மன் நாடகாசிரியர் பிரெக்டுக்கு முன்பே நான்காம் சுவரை உடைத்தவன் அவன்தான் என்பது அந்தப் பாராட்டு. சிறுபத்திரிகைக் கட்டுரைகளிலும் கருத்தரங்க மேடைகளிலும் பழகிப்போன வாசகம் இது. இக்கட்டுரை எழுப்பும் கேள்வி எளியது: கூத்துக்களத்தில் உடைப்பதற்கு அப்படியொரு சுவர் இருந்ததா? இல்லையென்றால், காலங்களையும் மெய்ம்மைகளையும் பிரிக்கும் எல்லைக்கோடு அங்கே எங்கே ஓடுகிறது?

இருட்டில் கட்டிய சுவர்

ஐரோப்பிய மேடையிலேயே இந்தச் சுவர் ஒரே நாளில் எழுந்துவிடவில்லை. திதெரோ சொன்னது ஒரு கற்பனைப் பயிற்சி. அது கட்டடமாக மாற ஒரு நூற்றாண்டுக்கு மேல் ஆனது. 1876இல் பைராய்த் நகரில் திறக்கப்பட்ட தன் விழா அரங்கில் ரிச்சர்ட் வாக்னர் வாத்தியக் குழுவை மேடைக்கு முன்னாலுள்ள பள்ளத்தில் கண்ணுக்குத் தெரியாமல் மறைத்தார். மெய்யுலகையும் இலட்சிய உலகையும் பிரிக்கும் மாயப் பிளவு என்று அவர் அந்தப் பள்ளத்தைக் கருதினார். பார்வையாளர் பகுதி இருட்டடிக்கப்பட்டது. அதுவரை நாடகம் பார்க்க வந்தவர்கள் ஒருவரையொருவரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். இருட்டு வந்தபின் பார்க்க மேடை ஒன்றுதான் மிஞ்சியது. 1881இல் லண்டனின் சவாய் அரங்கம் முழுக்க மின்விளக்குக்கு மாறிய பிறகு ஒளியைக் கூட்டுவதும் குறைப்பதும் கைவிரல் வேலையாயிற்று.

ஆந்த்ரே அந்துவான் 1887இல் தொடங்கிய ‘சுதந்திர அரங்கு’ இதை எல்லைவரை கொண்டுபோனது. நான்கு சுவர்களும் உள்ள அறையாகவே காட்சியை அமைத்து, எந்தச் சுவரை எடுப்பது என்பதைக் கடைசியில் முடிவு செய்யலாம் என்பது அவர் கொள்கை. இறைச்சிக்கடை வரும் ஒரு நாடகத்தில் உண்மையான இறைச்சியையே தொங்கவிட்டார். அவ்வரங்கைச் சேர்ந்த நாடகாசிரியர் ழான் ஜூலியன், நான்காம் சுவர் பார்ப்பவருக்குக் கண்ணாடியாகவும் நடிப்பவருக்குக் கல்லாகவும் இருக்க வேண்டும் என்ற பொருளில் எழுதினார்.

ஆகவே இருட்டும் மின்விளக்கும் சட்டமிட்ட மேடையும் கட்டணச் சீட்டும் சேர்ந்து உண்டாக்கிய உறவுக்குப் பெயர்தான் நான்காம் சுவர். மனித இயல்பிலிருந்து முளைத்ததல்ல அது. இது நினைவில் இருந்தால் பிரெக்ட் செய்ததன் அளவும் புரியும். 1935இல் மாஸ்கோவில் சீன நடிகர் மெய் லான்ஃபாங்கின் ஆட்டத்தைப் பார்த்தபின் அவர் எழுதிய கட்டுரை, சீன நடிகர் நான்காம் சுவர் இருப்பதாகவே பாவிப்பதில்லை என்று வியந்தது. ஆசிய அரங்குகளை இந்தச் சுவரை வைத்து அளக்கும் பழக்கத்துக்குப் பெரும் செல்வாக்குத் தேடிக்கொடுத்த கட்டுரை அது. பிரெக்ட் தன் ஊரின் சுவரோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தவர், அவருக்கு அந்த அளவுகோல் தேவைப்பட்டது. அதையே எடுத்துக்கொண்டு செய்யாற்றங்கரைக்கு வருபவர்களுக்கு என்ன தேவை என்பதுதான் விளங்கவில்லை.

இருவர் பிடிக்கும் துணி

திருவண்ணாமலை, காஞ்சிபுரம், வேலூர், விழுப்புரம் வட்டாரங்களில் ஆடப்படும் கூத்தில் ஒரு பாத்திரம் வருவதற்குத் தனி முறை உண்டு. இரண்டு பேர் ஒரு துணியின் இரு முனைகளையும் பிடித்துக்கொண்டு நிற்பார்கள். அதன் பின்னாலிருந்து துரியோதனனின் பாட்டு கேட்கும். பாட்டு தன்னைப் பற்றியதுதான், ஆனால் வேறொருவரைப் பற்றிச் சொல்வதுபோலப் படர்க்கையில் வரும். கிரீடத்தின் நுனி தெரியும், மறையும். பின்பாட்டுக்காரர்கள் அடியை வாங்கிப் பாடுவார்கள். முகவீணையும் மிருதங்கமும் ஏறும். திரை விலகியபின் அவன் சுற்றி ஆடி வந்து பெஞ்சில் அமர்வான். அந்தப் பெஞ்சுதான் அத்தினாபுரத்துச் சிங்காதனம். கட்டியங்காரன் அவனைப் பார்த்து, தாங்கள் யார், எந்த நாடு என்று கேட்பான். ஊரே அறிந்த துரியோதனனிடம் இப்படிக் கேட்பதில் நகைச்சுவை உண்டு. வந்திருப்பது யார், எந்தக் காலத்திலிருந்து என்பதைச் சபைக்கு முன் பதிவு செய்யும் வேலையும் அதில் நடக்கிறது.

இந்தத் துணி பார்வையாளருக்கும் மேடைக்கும் நடுவே தொங்கும் நிரந்தரத் திரை இல்லை. மேடைக்கு உள்ளேயே, வரப்போகும் பாத்திரத்துக்கு மட்டும் பிடிக்கப்படுவது. துணிக்கு இந்தப் பக்கம் கட்டியங்காரனும் வாத்தியக்காரர்களும் பார்க்க வந்த சனங்களும் ஒன்றாக இருக்கிறார்கள். அந்தப் பக்கம் பாரதக் காலம். இக்கட்டுரையின் வாதம் இங்கேதான் நிற்கிறது: கூத்தில் எல்லை உண்டு, ஆனால் அது நடிப்பவரையும் பார்ப்பவரையும் பிரிப்பதில்லை. இரண்டு காலங்களைப் பிரிக்கிறது. அது கட்டியே வைத்த சுவரும் இல்லை. தேவைப்படும்போது பிடித்து, வேலை முடிந்ததும் சுருட்டிவைப்பது.

கட்டியங்காரனின் இடம் இப்போது வேறாகத் தெரியும். கதைக்குள் அவன் அரசவையின் வாயிற்காவலன், சேவகன், தூதன். கதைக்கு வெளியே ஊர்க்காரன். மன்னன் பேசும் செந்தமிழுக்கு அவன் வட்டாரப் பேச்சில் பதில் சொல்வான், இந்த வருஷத்து விலைவாசியை அத்தினாபுரத்தில் விசாரிப்பான். நடுவில் யாராவது பணம் கொடுத்தால் ஆட்டத்தை நிறுத்தி, இன்னார் இவ்வளவு கொடுத்தார் என்று உரக்கச் சொல்வான். துரியோதனனும் அதுவரை காத்திருப்பான். இதில் எந்தச் சுவரும் உடைவதாகக் கூடியிருப்பவர்கள் யாரும் உணர்வதில்லை. அதிர்ச்சி இல்லாத இடத்தில் உடைப்பு என்று சொல்வது பொருந்தாது. பிரெக்ட் விரும்பிய விலகலுக்குப் பார்வையாளர் முதலில் மூழ்கியிருக்க வேண்டும், பிறகு தூக்கி எடுக்கப்பட வேண்டும். கூத்தில் இரண்டு காலங்களும் தொடக்கத்திலிருந்தே பக்கத்தில் பக்கத்தில் நடக்கின்றன. கட்டியங்காரன் அவற்றின் வாசலில் நிற்கிறான்.

எல்லை பற்றிய பழைய கதை ஒன்றையும் இங்கே சேர்த்துப் பார்க்கலாம். தேவர்கள் அசுரரை வென்றதைக் காட்டிய முதல் நாடகத்தை அசுரரின் தூண்டுதலால் விக்கினங்கள் குலைத்தன என்றும், நடிகர்களின் பேச்சையும் அசைவையும் அவை முடக்கின என்றும், இந்திரன் தன் கொடிக்கம்பால் அவற்றை அடித்து விரட்டினான் என்றும் நாட்டிய சாஸ்திரத்தின் முதல் அத்தியாயம் சொல்கிறது. அதன்பிறகே விசுவகர்மன் நாடகச்சாலை கட்டுகிறான். திதெரோவின் சுவர் பார்வையாளரை வெளியே வைக்க எழுந்தது. இந்தக் கதையில் வரும் கட்டடம், காட்டப்படுபவர்கள் தாங்களே வந்துவிடாமல் காக்க எழுந்தது. இரண்டாவது அச்சம்தான் கூத்துக்களத்துக்கு நெருக்கமானது.

கற்பூரம், தபசு மரம், படுகளம்

அந்த அச்சம் வெறும் புராணமில்லை என்பதற்குத் திரௌபதி அம்மன் திருவிழாக் கூத்தில் துகில் உரியும் இரவு சான்று. துச்சாதனன் வேடம் கட்டியவர் திரௌபதியின் சேலையைத் தொடுவதற்கு முன் ஆட்டத்தை நிறுத்திக் கற்பூரம் ஏற்றுவது பல ஊர்களில் உள்ள வழக்கம். தான் வேடதாரி மட்டுமே, குற்றம் பொறுக்க வேண்டும் என்று அம்மனை வேண்டிக்கொண்ட பிறகே கதை தொடரும். கூட்டத்தில் சிலருக்கு அருள் வரும், வேடதாரிக்கே வருவதும் உண்டு. அப்போது பக்கத்தில் நிற்பவர்கள் அவரைப் பிடித்துக்கொள்வார்கள், திருநீறு இடுவார்கள். நான்காம் சுவர் மரபில் பாத்திரத்தைவிட்டு வெளியே வருவது நடிகரின் தவறு, அல்லது ஆசிரியரின் உத்தி. இங்கே அது ஒரு பாதுகாப்பு ஏற்பாடு. பாத்திரத்திலிருந்து வெளியேறத் தெரியாதவர் துச்சாதனன் வேடத்தைக் கட்டக் கூடாது.

அர்ச்சுனன் தபசில் எல்லை செங்குத்தாக நிற்கிறது. ஊர்வெளியில் நட்ட உயர்ந்த மரத்தில் வேடதாரி படிப்படியாகப் பாடிக்கொண்டே ஏறுவார். உச்சியிலிருந்து எலுமிச்சம்பழமும் பூவும் திருநீறும் கீழே விழும். குழந்தை வேண்டி வந்த பெண்கள் முந்தானையை விரித்து அவற்றைப் பிடிப்பார்கள். ஏறுபவர் அடுத்த தெருவில் தேநீர் குடித்துக்கொண்டிருந்தவர் என்பது அவர்களுக்குத் தெரியும். அந்தப் பழம் கயிலாயத்திலிருந்து வருகிறது என்பதும் தெரியும். இரண்டில் ஒன்றைத்தான் நம்ப முடியும் என்பது நகரத்துப் பார்வையாளரின் நிபந்தனை.

பகாசுர வதையன்று வீமன் சோறு நிறைந்த மாட்டுவண்டியில் ஊர்த் தெருக்களைச் சுற்றுவான். பாரதம் ஓதும் பிரசங்கியார் பகலில் வில்லிபாரதம் சொல்வார், இரவில் அதே பகுதி கூத்தாகும். கடைசியில் படுகளம். மல்லாந்து கிடக்கும் துரியோதனனை ஆளைப்போல் பல மடங்கு பெரிதாக மண்ணால் தரையில் செய்து வைத்திருப்பார்கள். இரவெல்லாம் ஆடிய களைப்போடு வீமனும் துரியோதனனும் காலை வெயிலில் அதைச் சுற்றி ஓடிச் சண்டையிடுவார்கள். தொடையில் அடி விழும்போது உள்ளே மறைத்து வைத்த செந்நீர் வெளியே வரும், திரௌபதியின் கூந்தல் முடியப்படும். சனங்கள் அந்த மண்ணில் ஒரு பிடி அள்ளிக்கொண்டு போவார்கள். மாலையில் தீமிதி. இதில் மேடை எது, பார்வையாளர் இருக்கை எது என்று படம் வரைய உட்காருபவர் கோட்டை எங்கே போடுவது என்று திண்டாடுவார். ஊர் முழுவதும் கோட்டைத் தாண்டி அந்தப் பக்கம் போய்விட்டது.

துயரம் நடுவில் நின்ற நாடகம்

திதெரோவிடம் ஒருமுறை திரும்ப வேண்டும். சுவரை எழுதுவதற்கு ஓராண்டு முன்பு, 1757இல், அவர் ‘இயற்கை மகன்’ என்ற நாடகத்தை வெளியிட்டார். அதைச் சுற்றி அவர் பின்னிய புனைவு நாடகத்தைவிடச் சுவையானது. தோர்வால் என்பவரின் குடும்பத்தில் உண்மையாக நடந்ததை அந்தக் குடும்பத்தாரே தம் வீட்டுக் கூடத்தில் நடிக்கிறார்கள். ஆண்டுதோறும் அப்படி நடிக்க வேண்டும் என்பது முதிய தந்தையின் விருப்பம். திதெரோ ஒரு மூலையில் ஒளிந்திருந்து பார்க்கிறார். ஆனால் அதற்குள் தந்தை இறந்துவிட்டார். அவர் வயதுள்ள நண்பரொருவர் அவருடைய அதே உடையில் உள்ளே வருகிறார். குடும்பம் முழுவதும் உடைந்து அழுகிறது. நாடகம் முடிவதில்லை.

நான்காம் சுவரின் தந்தை என்று கருதப்படுபவர் அந்தச் சுவர் இடிந்து விழும் கதையை முதலில் எழுதியிருக்கிறார் என்பது கவனிக்க வேண்டியது. நடிப்பும் நினைவும் ஒரே உடலில் சேர்ந்தால் நாடகம் தாங்காது என்று அவருக்குத் தெரிந்திருந்தது. அடுத்த ஆண்டு அவர் சுவர் கேட்டதில் வியப்பில்லை.

இதற்கு நேரெதிரான சான்று வட தமிழகத்துக் கிராமங்களில் இருக்கிறது. இறந்தவரின் கருமாதியை ஒட்டி ‘கர்ண மோட்சம்’ கூத்து வைப்பது அங்கே நீண்ட நாள் வழக்கம். போருக்குப் போகும் கர்ணனும் மனைவி பொன்னுருவியும் இரவு நெடுக வாதிடுகிறார்கள். விடியும் நேரத்தில் அர்ச்சுனனின் அம்பு பட்டுக் கிடக்கும் கர்ணன் செய்த புண்ணியத்தையும் கொடுத்துவிட்டுச் சாகிறான். பார்த்துக்கொண்டிருப்பவர்களில் உண்மையாகவே கணவனை, தகப்பனை இழந்தவர்கள் இருக்கிறார்கள். அழுகிறார்கள். கூத்து நிற்பதில்லை. நடுவில் கட்டியங்காரன் வந்து கேலி பேசுகிறான், செத்த வீட்டில் சிரிப்பும் எழுகிறது.

ஏன் ஒன்று நிற்கிறது, மற்றது நடக்கிறது? தோர்வால் வீட்டில் அன்றைய துயரம் வெளியிலிருந்து வந்த விபத்து. கர்ண மோட்சத்தில் துயரத்துக்கு முன்கூட்டியே இடம் ஒதுக்கப்பட்டிருக்கிறது. பாரதக் காலத்துச் சாவும் வீட்டுச் சாவும் ஒன்றன்மேல் ஒன்று படியலாம், ஆனால் கலந்துவிடக் கூடாது. அந்த இடைவெளியை வைத்திருப்பது கட்டியங்காரனின் சிரிப்பு. எல்லையை உடைப்பவன் என்று பெயர் வாங்கியவன் உண்மையில் அதைப் பராமரிக்கிறான்.

எதிர்வாதங்கள்

இந்த வாசிப்பை மறுக்கவும் சான்றுகள் உண்டு. ரிச்சர்ட் ஃப்ராஸ்கா 1990இல் வெளியிட்ட நூல் கூத்தைச் சடங்கு, அருள்நிலை ஆகியவற்றின் பக்கம் அழுத்திப் பார்த்தது. திரௌபதி வழிபாட்டை இரண்டு பெருந்தொகுதிகளில் ஆராய்ந்த ஆல்ஃப் ஹில்டபைடலின் நோக்கும் கோயில் சார்ந்தது. ஹன்னே டி ப்ரூயினின் 1999ஆம் ஆண்டு நூல் இதற்கு மாறாகக் கலைஞர்களின் தொழில் நேர்த்தியையும், இடத்துக்கும் வேளைக்கும் ஏற்ப ஆட்டத்தை மாற்றிக்கொள்ளும் நெகிழ்வையும் முன்னே வைத்தது. அவர் பக்கத்திலிருந்து பார்த்தால், கற்பூரம் ஏற்றுவதும்கூட அவையைக் கட்டிப்போடத் தெரிந்த கலைஞரின் நுட்பம் எனலாம். இரண்டு பார்வைகளும் ஒன்றையொன்று விலக்குவதாக இக்கட்டுரை கருதவில்லை. எல்லையைப் பிடிக்கவும் சுருட்டவும் தொழில் தெரிந்தவர் வேண்டும். நம்பிக்கை மட்டும் இருந்தால் துச்சாதனன் நிதானத்தை இழந்துவிடுவான்.

இன்னொரு மறுப்பு வலுவானது. சட்டமிட்ட மேடை வந்தபிறகும் தமிழ்ப் பார்வையாளர் சுவரை ஏற்கவில்லையே, அப்படியானால் இது கூத்தின் தனிப்பண்புதானா? சங்கரதாஸ் சுவாமிகள் கால நாடகக் கம்பெனிகளிடம் ஓவியத் திரைகள் இருந்தன, டிக்கெட் இருந்தது. கிட்டப்பா பாடினால் சபை ‘ஒன்ஸ்மோர்’ கேட்டது, கதை காத்திருந்தது. எஸ். எஸ். விசுவநாததாஸ் ‘வள்ளி திருமணம்’ நாடகத்தில் முருகனாக நின்று வெள்ளைக் கொக்கைப் பற்றி மதுரகவி பாஸ்கரதாஸ் எழுதிய பாட்டைப் பாடியபோது, அது எந்த வெள்ளையரைக் குறிக்கிறது என்று சபைக்கும் தெரியும், போலீசுக்கும் தெரியும். பலமுறை சிறை சென்றவர் அவர். 1940 டிசம்பர் 31 அன்று சென்னை மேடையில், முருகன் வேடத்தில், மயில்மேல் அமர்ந்து பாடிக்கொண்டிருந்தபோதே உயிர் பிரிந்தது. சட்டமிட்ட மேடை மட்டும் நான்காம் சுவரை உண்டாக்கிவிடாது என்பதற்கு இவை சான்று. கூத்தின் இரட்டைக் காலம் கம்பெனி நாடகத்துக்குள்ளும் தொடர்ந்து வந்தது என்று கொள்வதே பொருத்தம்.

சுவர் வந்த பிறகு

மாற்றம் பின்னால் வந்தது. மட்டக்களப்பின் வட்டக்களரியில், நாலா பக்கமும் சனங்கள் சூழ்ந்திருக்க, நடுவில் அண்ணாவியார் மத்தளத்தோடு நிற்க ஆடப்பட்ட கூத்துகளைப் பேராசிரியர் சு. வித்தியானந்தன் 1960களில் பேராதனைப் பல்கலைக்கழகத்தின் ஒருபக்க மேடைக்குக் கொண்டுவந்தார். ‘கர்ணன் போர்’, ‘இராவணேசன்’ போன்ற தயாரிப்புகள் கூத்துக்குப் படித்தவர்களிடையே மதிப்பைத் தேடித்தந்தன. வட்டத்துக்கு நான்காம் பக்கம் என்று ஒன்று கிடையாது. மேடை மாறியதும் ஆட்டக்காரர் ஒரு திசையைப் பார்த்து நிற்க வேண்டியதாயிற்று.

தமிழகத்தில் ந. முத்துசாமி 1977இல் தொடங்கிய கூத்துப்பட்டறை, புரிசை கண்ணப்பத் தம்பிரானிடமிருந்து கூத்தின் உடல்மொழியைக் கற்றது. 1980இல் சோழமண்டலத்தில் வங்க நாடகாசிரியர் பாதல் சர்க்கார் நடத்திய பட்டறைக்குப் பின் சட்டமிட்ட மேடையைத் துறக்கும் முயற்சிகளும் பெருகின. இவர்கள் எல்லோரும் சுவரை எதிர்த்தவர்கள். எதிர்ப்பதற்கு அவர்கள் முன்னால் சுவர் இருந்தது.

விடிய விடிய ஆட வேண்டிய கூத்து இன்று பெருநகர விழாக்களில் ஒன்றரை மணி நேரமாகச் சுருங்குகிறது. அரங்கில் விளக்கு அணைகிறது. கட்டியங்காரன் முன்வரிசையைப் பார்க்கிறான், யாருடைய பெயரும் அவனுக்குத் தெரியாது. யாரையாவது சீண்டினால் அவர்கள் திடுக்கிட்டு, பிறகு கைதட்டுகிறார்கள். அங்கே அவன் நான்காம் சுவரை உடைக்கிறான் என்று சொல்வது சரிதான். விமர்சகர்கள் பழமையின் சான்றாகக் காட்டிய அந்தச் செயல், நகர மேடைக்கு வந்த பின்னரே முழு உண்மையாயிற்று. ஊர்க்களத்தில் அவனுக்கு வேறு வேலை இருந்தது, படுகளம் நடக்கும் ஊர்களில் இன்னும் இருக்கிறது. கூத்தைக் கைப்பேசியில் ஒளிப்பதிவாகப் பார்ப்பவர்கள் பெருகிவரும் இக்காலத்தில், ஊர்க்களத்தில் நிற்கும் கட்டியங்காரன் யாரை நோக்கிப் பேசத் தொடங்குகிறான் என்பது அடுத்து ஆராயப்பட வேண்டிய பகுதி.